சளி பிடித்த நாள் எது? – நாம் கூறும் காரணங்கள் பற்றி ஒரு விமரிசனம்

ஆனி, ஆடி மாதங்களில் பாலக்காட்டுக் கணவாய் வழியே மேல்காற்று வீசத் தொடங்கியதும் கோவை நகரில் சாரல் தூறும். ஆர்.எஸ்.புரத்தில் டாக்டர்களின் அறை வாசல்களில் குழந்தைகளோடு காத்திருக்கும் தாய்மார்களைக் கேட்டால் பெரும்பாலும் ஒரே விடைதான் கிடைக்கும்: “நேத்து சாயங்காலம் மழையில நனைஞ்சானுங்க; ராத்திரியே மூக்கு ஒழுக ஆரம்பிச்சிருச்சுங்க.”

வீட்டில் கல்லூரியில் படிக்கும் பிள்ளை இருந்தால், அவன் இதை உடனே மறுப்பான்: “மழைக்கும் சளிக்கும் சம்பந்தமே இல்லீங்க அம்மாயி, அதெல்லாம் வைரஸ்.” மூன்றாவதாக ஒரு குரல், பத்திரிகைகளின் உடல்நலக் குறிப்புகளிலிருந்து வருகிறது: ‘வைரஸ் தொற்றிய 1 முதல் 3 நாட்களில் சளியின் அறிகுறிகள் தோன்றும்.’

இம்மூன்று கூற்றுகளையும் நிறுத்துப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம். முதல் கூற்று தவறு என்று பலரும் எழுதிவிட்டனர். இரண்டாவது, முழு உண்மை அன்று. மூன்றாவது உண்மைக்கு அருகில் இருந்தாலும், அது சொல்லப்படும் முறையால் வாசகருக்குப் பயன்படாமல் போகிறது. மூன்றுக்கும் பொதுவான குறை ஒன்று உண்டு. காரணத்தைப் பற்றிப் பேசும்போது இவை காலத்தைக் கணக்கிடுவதில்லை.

சாதாரணச் சளிக்கு இவ்வளவு ஆராய்ச்சி தேவையா என்று கேட்கலாம். வளர்ந்தவர்களுக்கு ஆண்டுக்கு இரண்டு மூன்று முறையும், சிறு குழந்தைகளுக்கு அதைவிட அதிகமாகவும் வரும் நோய் இது. பெரும்பாலும் ஒரு வாரத்தில் தானே நீங்கிவிடும். ஆனால் அதே வீட்டில் ஆஸ்துமா உள்ள தாத்தாவோ, பிறந்து இரண்டு மாதமான குழந்தையோ இருந்தால் நிலைமை வேறு. பலருக்குச் சளியை உண்டாக்கும் ரைனோ வைரஸே ஆஸ்துமா உள்ளவர்க்குக் கடுமையான மூச்சுத் திணறலைத் தூண்டிவிடக் கூடும். மழையின் மீது பழியைப் போட்டுவிட்டு, இருமும் பேரனைத் தாத்தாவின் கட்டிலிலேயே படுக்க வைக்கும் குடும்பம், உண்மையான வழியைத் திறந்து வைத்துவிட்டுப் பொய்யான வழியை அடைக்கிறது.

நோயரும்பு காலம்

வைரஸ் உடலுள் புகுந்த நேரத்திற்கும் முதல் அறிகுறி தோன்றும் நேரத்திற்கும் இடைப்பட்ட காலத்தை மருத்துவர்கள் ‘நோயரும்பு காலம்’ என்பர். விதை ஊன்றிய அன்றே முளை தெரிவதில்லை அல்லவா? அதுபோலத்தான் இதுவும். ஆனால் மண்ணுக்குள் நடப்பதை நாம் பார்க்காததுபோல, மூக்கினுள் இக்காலத்தில் நடப்பதையும் நாம் உணர்வதில்லை.

அங்கே நடப்பது பெருக்கம். வைரஸ் தானாகப் பெருகாது. மூக்கின் உட்புறச் சவ்விலுள்ள ஓர் உயிரணுவினுள் புகுந்து, அதன் சாதனங்களைக் கொண்டே தன்னைப் படியெடுத்துக்கொள்ள வேண்டும். இதற்குச் சில மணி நேரம் பிடிக்கும். கணக்கின் எளிமைக்காக ஒரு சுற்றுக்கு 8 மணி நேரம் என்றும், ஒவ்வொரு சுற்றிலும் பத்து மடங்கு பெருகுவதாகவும் வைத்துக்கொள்வோம். ஒரே ஒரு வைரஸிலிருந்து தொடங்கினால் 8 மணி முடிவில் 10. 16 மணி முடிவில் 100. ஒரு நாள் முடிவில் 1,000. இரண்டு நாள் முடிவில் 10 லட்சம்.

இப்போது, 10 லட்சம் ஆனதும் உடல் விழித்துக்கொள்கிறது என்று கொள்வோம். தொடக்கத்தில் ஒன்றுக்குப் பதிலாக நூறு வைரஸ்கள் புகுந்திருந்தால் என்ன ஆகும்? நூறு மடங்கு விரைவாக நோய் வராது. இரண்டு சுற்றுகள் மட்டுமே மிச்சமாகும். அதாவது 48 மணிக்குப் பதிலாக 32 மணியில் அறிகுறி தோன்றும். பெருக்குத் தொடரின் இயல்பு இது. இந்த எண்கள் விளக்கத்துக்காக நாம் வைத்துக்கொண்டவையே. ஆயினும், எத்தனை வைரஸ் புகுந்தாலும் சில மணி நேரமாவது ஆகியே தீரும் என்பதையும், அந்தக் காலம் ஆளுக்கு ஆள் ஏன் வேறுபடுகிறது என்பதையும் இவை புலப்படுத்துகின்றன.

மேலும், மூக்கொழுகலும் தும்மலும் வைரஸ் நேரடியாகச் செய்யும் வேலைகள் அல்ல. வைரஸைக் கண்டுகொண்ட உடல், சில வேதிப் பொருள்களைச் சுரக்கிறது. அவற்றால் இரத்தக் குழாய்கள் விரிந்து, சவ்வு வீங்கி, நீர் கசிகிறது. எனவே தும்மல் என்பது போரின் தொடக்கமன்று. போர் நடந்துகொண்டிருக்கிறது என்பதற்கான அறிவிப்பு.

1 முதல் 3 நாள் என்பதன் பொருள்

இனி, உடல்நலக் குறிப்புகள் கூறும் எண்ணுக்கு வருவோம். சுவாச நோய்களின் நோயரும்பு காலம் பற்றி அதுவரை வெளிவந்த ஆய்வுகளைத் திரட்டி, 2009இல் அமெரிக்க ஆராய்ச்சியாளர் ஜஸ்டின் லெஸ்லரும் அவருடைய குழுவினரும் ஒரு தொகுப்புரை வெளியிட்டனர். அதன்படி ரைனோ வைரஸுக்குரிய இடைநிலைக் காலம் 1.9 நாள். தொற்றியவர்களில் பாதிப் பேர்க்கு அதற்குள்ளும், மறு பாதிக்கு அதற்குப் பின்னும் அறிகுறி தோன்றும் என்பது இதன் பொருள். மிக விரைவானவர்கள் 5 சதவீதம் பேருக்கு 0.8 நாளுக்குள் தோன்றிவிடுகிறது. மிகத் தாமதமான 5 சதவீதம் பேருக்கு 4.5 நாளுக்கும் மேலாகிறது.

சளியை உண்டாக்குவது ரைனோ வைரஸ் மட்டுமன்று. அதே தொகுப்பில், பாரா இன்ஃப்ளுயன்சா வைரஸுக்கு 2.6 நாள், பழைய கொரோனா வகைகளுக்கு 3.2 நாள், குழந்தைகளை வருத்தும் ஆர்.எஸ். வைரஸுக்கு 4.4 நாள்; அடினோ வைரஸுக்கு 5.6 நாள். இன்ஃப்ளுயன்சா ஏ வகைக்கோ 1.4 நாள்தான். ஆகவே, ‘சளிக்கு 1 முதல் 3 நாள்’ என்னும் வாக்கியம் பல நோய்களை ஒரே பெயரில் கட்டி, ஒரே எண்ணை ஒட்டிவிடுகிறது.

இயற்பியல் மாணவர்கள் அரைவாழ்வுக் காலம் பற்றிப் படித்திருப்பார்கள். ஒரு கதிரியக்கப் பொருளின் அரைவாழ்வு எட்டு நாள் என்றால், குறிப்பிட்ட ஓர் அணு எட்டாம் நாள் சிதையும் என்று எவரும் கூறுவதில்லை. அந்த எண் கூட்டத்தைப் பற்றியது. தனி அணுவைப் பற்றியதன்று. நோயரும்பு காலமும் இந்த ஒரு வகையில் அதைப் போன்றதே. ‘முந்தாநாள் அவனோடு பேசினேன், இன்று சளி வந்தே தீர வேண்டும்’ என்பதும், ‘மூன்று நாள் ஆகிவிட்டது, இனி வராது’ என்பதும், கூட்டத்துக்குரிய எண்ணைத் தனி ஆளின் மீது ஏற்றுவதால் வரும் பிழைகள்.

இப்பரவல் சமச்சீரானதும் அன்று. 1950இல் அமெரிக்கத் தொற்றுநோயியல் அறிஞர் பிலிப் சார்ட்வெல், பல தொற்றுநோய்களின் நோயரும்பு காலங்களை வரைபடமாக்கிப் பார்த்தார். நாட்களை அப்படியே எடுத்துக்கொண்டால் வளைவு வலப்புறம் வால் நீண்டு காணப்பட்டது. நாட்களின் மடக்கையை எடுத்துக்கொண்டபோதோ அது பழகிய மணி வடிவ வளைவை ஒத்திருந்தது. மேலே நாம் போட்ட பெருக்குத் தொடர்க் கணக்கு இதன் காரணங்களுள் ஒன்றை ஓரளவு உணர்த்தும். இந்த நீண்ட வால்தான் நடைமுறையில் முக்கியம். 2020இல் கொரோனா பரவியபோது தமிழக வீடுகளின் கதவுகளில் ஒட்டப்பட்ட தனிமைப்படுத்தல் அறிவிப்பில் 14 நாள் என்று இருந்ததை நாம் மறக்கவில்லை. ‘நோய் வெளிப்பட 14 நாள் ஆகும்’ என்று பலர் அதைப் புரிந்துகொண்டனர். உண்மையில் அந்நோயின் அன்றைய வகைக்கு இடைநிலைக் காலம் ஏறத்தாழ 5 நாள்தான். 14 என்பது வாலின் நுனியையும் உள்ளடக்க வைத்த எல்லை. எண் எல்லோருக்கும் தெரிந்திருந்தது. அதன் பொருளைச் சொல்லித்தந்தவர் குறைவு.

பின்னோக்கி எண்ணுவோம்

நோயரும்பு காலத்தின் உண்மையான பயன், அதை முன்னோக்கி மட்டுமன்றிப் பின்னோக்கியும் எண்ணுவதில் இருக்கிறது. நம் ஊருக்குப் பழக்கமான ஓர் உதாரணத்தை எடுத்துக்கொள்வோம்.

கோவைக் குடும்பம் ஒன்று சனிக்கிழமை காலை புறப்பட்டு நண்பகலில் உதகை சேர்கிறது. கோவை கடல் மட்டத்திலிருந்து சுமார் 410 மீட்டர் உயரம். உதகை சுமார் 2,240 மீட்டர். ஒரு கிலோமீட்டர் ஏறினால் சராசரியாக 6.5 டிகிரி வெப்பம் குறையும் என்னும் கணக்குப்படி, ஏறத்தாழ 12 டிகிரி குளிர்ந்த காற்றில் குழந்தை இறங்குகிறது. அன்று இரவு 9 மணிக்குத் தும்மத் தொடங்குகிறது. “ஊட்டிக் குளிர் ஒத்துக்கலை” என்று வீட்டார் தீர்ப்புக் கூறிவிடுகின்றனர்.

ரைனோ வைரஸ் என்று கொண்டு பின்னோக்கி எண்ணிப் பாருங்கள். 0.8 நாள் பின்னே போனால் சனிக்கிழமை அதிகாலை 2 மணி. 4.5 நாள் பின்னே போனால் செவ்வாய்க்கிழமை காலை 9 மணி. பத்துக்கு ஒன்பது பங்கு, தொற்றிய நேரம் இவ்விரண்டுக்கும் இடையிலேயே இருக்க வேண்டும். அக்காலம் முழுவதும் குழந்தை கோவையில் இருந்தது. பள்ளி வேனிலும், வகுப்பறையிலும், டியூஷனிலும் இருந்தது. உதகை, பாவம், குற்றம் நடந்த இடத்திலேயே இல்லை.

அதே குடும்பத்தில் வேறொருவருக்கு, ஞாயிறு மாலை வீடு திரும்பியபின் செவ்வாய்க்கிழமை காலை தொண்டை கரகரக்கத் தொடங்கினால்? இங்கேதான் உதகைப் பயணத்தைச் சந்தேகிக்க இடமுண்டு. குளிரையன்று, நெரிசலான பஸ்ஸையும் மூடிய அறையையும். அல்லது சனிக்கிழமை இரவே தும்மிய அந்தக் குழந்தையை! ஆனால் அவரோ திங்கட்கிழமை இரவு சாப்பிட்ட ஐஸ்கிரீமைக் குறை கூறுவார். அண்மையில் நடந்ததே நினைவில் நிற்கும். நினைவில் நிற்பதே காரணமாகிவிடும். இரண்டு நாள் முன்பு நம்மருகில் இருமியவரின் முகம் யாருக்கு நினைவிருக்கும்?

‘மாலையில் நனைந்தான், இரவே மூக்கொழுகிற்று’ என்னும் கூற்றுக்கும் இதே அளவுகோல்தான். வைரஸை நேரடியாக மூக்கில் சொட்டுவிட்டுச் செய்த சோதனைகளிலேயே மிக விரைவாக அறிகுறி கண்டவர்களுக்கு 10 முதல் 12 மணி நேரம் ஆயிற்று. மாலை 5 மணிக்கு நனைந்தவன் இரவு 9 மணிக்குச் சளியோடு இருந்தால், நனையும்போதே அவன் மூக்கில் வைரஸ் குடியிருந்தது என்பதே பொருத்தமான முடிவு.

இரண்டு கப்பல்கள்

குளிர் மட்டும் போதாது, வைரஸைக் கொண்டுவர ஆள் வேண்டும் என்பதற்கு வரலாறு சாட்சிகள் வைத்திருக்கிறது. நார்வேக்கு வடக்கே ஆர்க்டிக் கடலிலுள்ள ஸ்பிட்ஸ்பெர்கன் தீவில் நிலக்கரிச் சுரங்கக் குடியிருப்பு ஒன்று இருந்தது. மக்கள் தொகை சுமார் 500. குளிர்காலத்தில் கடல் உறைந்து கப்பல் போக்குவரத்து நின்றுவிடும். 1930-31இல் அங்கே தங்கி ஆராய்ந்தவர்கள், கடுங்குளிர் மாதங்களில் சளி மிக அரிதாகி விட்டதைக் கண்டனர். 1931 மே மாதம் முதல் கப்பல் வந்து சேர்ந்ததும், சில நாட்களுக்குள் குடியிருப்பு முழுவதும் சளி பரவிற்று. குளிர் குறையும் வேளையில் சளி வந்தது. ஏனெனில் அப்போதுதான் ஆட்கள் வந்தார்கள்.

நம் நாட்டிலும் இதற்கு இணையான நிகழ்ச்சி உண்டு. அது சளியன்று, இன்ஃப்ளுயன்சா. எனினும் பரவும் முறை ஒத்தது. 1957 மே மாதத்தில், நோய் பரவியிருந்த பகுதி வழியாக வந்த ஒரு கப்பல் சென்னைத் துறைமுகத்தை அடைந்தது. ‘ஆசிய ஃப்ளூ’ எனப்பட்ட பெருந்தொற்று இந்தியாவில் நுழைந்தது அதன் மூலமாகவே. இதன் வரலாற்றை 1959இல் உலக சுகாதார நிறுவனத்தின் இதழில் எழுதியவர் ஐ.ஜி.கே. மேனன். நமக்கு மிக அருகில், குன்னூர் பாஸ்டர் நிலையத்தில் இயங்கிய இந்திய அரசின் இன்ஃப்ளுயன்சா மையத்திலேயே அந்த வைரஸ் ஆராயப்பட்டது. 12 வாரங்களுக்குள் நோய் நாட்டின் எல்லாப் பகுதிகளுக்கும் சென்றுவிட்டது. 1957 மே 19 முதல் 1958 பிப்ரவரி 8 வரை பதிவானவர்கள் சுமார் 44½ லட்சம் பேர். இறந்தவர்கள் சுமார் 1,100 பேர்.

இதில் இரண்டு செய்திகள் கவனிக்கத்தக்கவை. ஒன்று, நோய் சென்னைக்கு வந்தது கத்திரி வெயில் காலத்தில். சளியும் காய்ச்சலும் குளிரால் வருபவை என்றால், சென்னையில் அதைவிடப் பொருந்தாத மாதம் வேறில்லை. மற்றொன்று, வேகம். ஒருவரிடமிருந்து அடுத்தவருக்கு இன்ஃப்ளுயன்சா செல்ல 3 நாள் என்று கொண்டால், 12 வாரங்களில் 28 தலைமுறைகள் பரவிவிடலாம். நோயரும்பு காலம் 12 நாளுக்கும் மேலாக உள்ள தட்டம்மை, அதே காலத்தில் ஏழு தலைமுறையைக்கூடத் தாண்டாது. நோயரும்பு காலம் குறைந்த நோயைத் துரத்திப் பிடிப்பது ஏன் கடினம் என்பது இதனால் விளங்கும். நாம் விழித்துக்கொள்வதற்குள் அது இரண்டு வீடு தாண்டியிருக்கும்.

சோதனைகளின் தீர்ப்பு என்ன?

அப்படியானால் ‘மழைக்கும் சளிக்கும் சம்பந்தமே இல்லை’ என்ற கல்லூரி மாணவன் கூற்று சரிதானா? இங்கே நாம் அவசரப்படக் கூடாது. மூன்று சோதனைகளைப் பார்ப்போம்.

இங்கிலாந்தில் சாலிஸ்பரி நகருக்கு அருகே 1946 முதல் 1990 வரை சளி ஆராய்ச்சிக்கென்றே ஒரு நிலையம் இயங்கிற்று. தாமாக முன்வந்தவர்களை இருவர் மூவராகத் தனிக் குடில்களில் தங்கவைத்து, மூக்கில் சொட்டு மருந்துபோல் வைரஸ் நீரை விடுவார்கள். முதல் சில நாட்கள் எதுவும் விடமாட்டார்கள். வரும்போதே சளியைக் கொண்டுவந்தவர் யார் என்பது அதற்குள் தெரிந்துவிடும். நோயரும்பு காலத்தை மதித்து அமைத்த சோதனை இது. இந்நிலையத்தில் கிறிஸ்டோபர் ஆண்ட்ரூஸ் குளிரையும் சோதித்தார். ஆறு ஆறு பேராக மூன்று குழுக்கள்: ஒன்றுக்கு வைரஸ் மட்டும், மற்றொன்றுக்கு, வெந்நீர்க் குளியலுக்குப் பின் ஈர உடையோடு காற்றடிக்கும் வழிநடையில் நிற்றல் மட்டும், மூன்றாவதற்கு இரண்டும். குளிர் மட்டும் பட்டவர்களுக்குச் சளி வரவில்லை. இரண்டும் பெற்றவர்களுக்குச் சளி அதிகம் என்று முதல் முறை தோன்றிற்று. மறுமுறை செய்தபோது முடிவு தலைகீழாயிற்று. ஆறு பேர் கொண்ட குழுவில் ஒருவர் இருவர் மாறினாலே விகிதம் புரண்டுவிடும் என்பதை ஆய்வகத்தில் அளவீடு எடுத்துப் பழகிய எவரும் அறிவர்.

1968இல் அமெரிக்காவில் டக்ளஸ் முதலியோர் ரைனோ வைரஸைக் கொண்டு செய்த சோதனையிலும், குளிரில் இருந்தவர்களுக்குச் சளி அதிகம் வரவோ கடுமையாகவோ இல்லை. மாணவன் மேற்கோள் காட்டுவது இவற்றைத்தான்.

ஆனால் 2005இல் வேல்ஸ் நாட்டின் கார்டிஃப் நகரில் ஜான்சனும் எக்கிள்ஸும் வேறுவிதமான முடிவைக் கண்டனர். 180 பேரில் 90 பேர் 10 டிகிரி குளிர்நீரில் 20 நிமிடம் கால்களை வைத்திருந்தனர். மற்ற 90 பேர் வெறும் பாத்திரத்தில் கால் வைத்திருந்தனர். அடுத்த நான்கைந்து நாட்களில் தமக்குச் சளி பிடித்ததாகக் கூறியவர்கள் முதல் குழுவில் 13 பேர்; இரண்டாவதில் 5 பேர். ‘பாட்டி சொன்னது உண்மையே’ என்று செய்தித்தாள்கள் மகிழ்ந்தன.

இச்சோதனையைக் கவனமாகப் படித்தால் மூன்று குறைகள் தெரியும். யார் மூக்கிலும் வைரஸ் உள்ளதா என்று பார்க்கவில்லை. சளி பிடித்ததா என்பதை அவரவரே கூறினர். தன் கால் குளிர்நீரில் இருந்ததா, வெறும் பாத்திரத்தில் இருந்ததா என்பது ஒவ்வொருவருக்கும் தெரியும். ‘கால் நனைந்தால் சளி பிடிக்கும்’ என்று சிறுவயதிலிருந்து கேட்டு வளர்ந்தவர், தொண்டையில் சிறு உறுத்தலையும் சளி என்று குறித்திருக்கலாம். ஆனால் இன்னொரு செய்தியும் அதில் உண்டு. கால் குளிர்ந்த உடனே யாருக்கும் அறிகுறி கூடவில்லை. வேறுபாடு பிந்திய நாட்களிலேயே தெரிந்தது. ஆய்வாளர்கள் தந்த விளக்கம் இது: சிலரிடம் வைரஸ் ஏற்கெனவே அறிகுறியின்றி இருந்திருக்கும், குளிர்ச்சியால் மூக்கின் இரத்தக் குழாய்கள் சுருங்கி, அங்கே பாதுகாப்பு தளர்ந்து, அடங்கியிருந்த தொற்று வெளிப்பட்டிருக்கலாம். இது நிறுவப்பட்ட முடிவன்று. ஆயினும் ‘சம்பந்தமே இல்லை’ என்று அடித்துப் பேசுவதற்கும் இடமில்லை.

அம்மாயி பக்கத்து நியாயம்

அம்மாயியின் கூற்றில் கவனித்துப் பார்த்த அனுபவம் இருக்கிறது, முடிவுதான் பிசகுகிறது. சாரல் காலத்தில் வீடுகளில் சளி காண்பது கற்பனையன்று. ஆனால் கோவையில் சாரல் தொடங்கும் ஜூன் மாதத்தில் வேறொன்றும் தொடங்குகிறது: பள்ளிக்கூடம்! கோடை விடுமுறை முழுவதும் பிரிந்திருந்த பிள்ளைகள் ஒரே அறையில் நெருங்கி அமர்கின்றனர். சாரலுக்காகச் சன்னல்களும் அடைக்கப்படுகின்றன. மழையும் பள்ளியும் கைகோத்து வருவதால், எதன் வேலை எது என்று பிரித்தறிவது எளிதன்று. ஒருங்கே நிகழ்வது வேறு. ஒன்றால் ஒன்று நிகழ்வது வேறு.

குளிர்ச்சிக்குச் சிறு பங்கு இருக்கவும் கூடும். ரைனோ வைரஸ் உடலின் 37 டிகிரியைவிட மூக்கின் 33 டிகிரியில் நன்றாகப் பெருகுகிறது. குளிர்ந்த நிலையில் எலியின் சுவாசப்பாதை உயிரணுக்களின் எதிர்ப்பு குறைவதை 2015இல் யேல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் கண்டனர். ஆனால் வைரஸ் இல்லாத மூக்கில் எத்தனை குளிரும் சளியை உண்டாக்கிவிட முடியாது.

வேறு இரு மயக்கங்களும் உண்டு. நோய் தொடங்கும்போதே உடலில் குளிர் தோன்றும். ஆகவே ‘குளிர் அடித்தது, பிறகு சளி பிடித்தது’ என்பவர் விளைவைக் காரணமாகக் கொள்கிறார். மற்றொன்று, ஒவ்வாமை. பஞ்சுத் தூசி, வீட்டுத் தூசி, பார்த்தீனியச் செடியின் மகரந்தம் ஆகியவை பட்ட சில நிமிடங்களிலேயே தும்மலும் மூக்கொழுகலும் சிலருக்கு வந்துவிடும். அது சளியே அன்று. பிறருக்குத் தொற்றவும் தொற்றாது. நிமிடங்களில் வந்ததா, நாட்களில் வந்ததா என்று கேட்டாலே இரண்டையும் பெரும்பாலும் பிரித்துவிடலாம். கடிகாரமும் நாட்காட்டியும் இங்கே கருவிகளாகின்றன.

குறிப்பேடு ஒன்று போதும்

நம் சுகாதாரக் கட்டுரைகள் மீது நான் வைக்கும் குறை இதுவே: எண்ணைத் தருகின்றன, எண்ணைக் கையாளும் முறையைத் தருவதில்லை. ‘மூடநம்பிக்கை’ என்று ஒரு சொல்லால் அம்மாயியை மறுத்துவிட்டால் வேலை முடிந்தது என்று எண்ணுகின்றன. நம்பிக்கையை மாற்ற, கணக்குப் போடக் கற்றுத்தர வேண்டும்.

மாணவர்கள் இதைத் தாமே செய்து பார்க்கலாம். ஒரு குறிப்பேட்டில், வீட்டில் யாருக்காவது சளி தொடங்கிய நாளையும் நேரத்தையும் எழுதுங்கள். அதற்கு முந்திய ஐந்து நாட்களில் அவர் சென்ற இடங்களையும், அருகில் இருமியவர் உண்டா என்பதையும் குறியுங்கள். நனைந்த நாட்களையும் குறியுங்கள். எல்லாவற்றிற்கும் மேலாக, நனைந்தும் சளி பிடிக்காத நாட்களையும், நனையாமலே சளி பிடித்த நாட்களையும் விடாமல் எழுதுங்கள். நம் நினைவு இவ்விரண்டையும் எழுதிவைப்பதில்லை. அதனால்தான் மழை எப்போதும் குற்றவாளியாகிறது. ஒரு குடும்பத்தின் ஓராண்டுக் குறிப்பு எதையும் நிரூபித்துவிடாது. வகுப்பிலுள்ள நாற்பது பேரும் ஒரே முறையில் எழுதிச் சேர்த்தால், பேசத்தக்க ஒரு வரைபடமாவது கிடைக்கும்.

நடைமுறைக்குரிய பாடமும் இதிலேயே அடங்கியுள்ளது. வைரஸ் மூக்கிலிருந்து மிகுதியாக வெளிப்படுவது நோயின் முதல் இரண்டு மூன்று நாட்களில். அறிகுறி தோன்றுமுன்பே சிறிது வெளிப்படுவதும் உண்டு. ஆகவே வீட்டில் ஒருவர் தும்மத் தொடங்கிய அன்றே, முதியோரும் கைக்குழந்தையும் ஆஸ்துமா உள்ளவரும் அவரைவிட்டுத் தள்ளிப் படுக்கட்டும். கை கழுவுதலும், சன்னலைத் திறந்து வைத்தலும், இருமுகையில் வாயை மூடுதலும் அன்றே தொடங்கட்டும். மூச்சுத் திணறலோ, விடாத காய்ச்சலோ கண்டால் கணக்கை விட்டுவிட்டு மருத்துவரிடம் செல்ல வேண்டும். மற்றவர்கள் அடுத்த நான்கைந்து நாட்கள் தம்மைக் கவனித்துக்கொள்ளட்டும். அதற்குள் ஒருவருக்குச் சளி வந்தால், அன்று காலை தலைக்கு ஊற்றிய தண்ணீரையோ, வேலைக்கு வந்த பெண்ணையோ, நேற்றுத் தின்ற கொய்யாவையோ குறை கூறுமுன் நாட்காட்டியை எடுத்துப் பின்னோக்கி எண்ணுங்கள். பெரும்பாலும் விரல் வந்து நிற்பது, நாம் யாரும் கவனிக்காத ஒரு சாதாரண நாளின் மீதாகத்தான் இருக்கும்.